உருளியில இருந்த பேரு

அன்புள்ள சிநேகிதிக்கு,

பேத்தி பொறந்திருக்கான்னு நீ எழுதின கடுதாசி வந்து ஒரு வாரமாச்சு, உடனே பதில் போடாததுக்குக் காரணம் நீ கூடவே வாட்ஸ்அப்ல அனுப்பின அந்த உருளி போட்டோதான். அதப் பாத்ததுல இருந்து பரண்ல கெடந்த பழைய புத்தகத்தையெல்லாம் எறக்கி கூடம் பூரா பரப்பி வச்சுக்கிட்டு உட்கார்ந்திருக்கேன், வீட்டுக்காரர் ரெண்டு நாளா சுவத்தோரமாத்தான் நடந்து போறாரு. மருமக எப்படி இருக்கா? பால் ஊறுதா? பூண்டு, சுறாப்புட்டு எல்லாம் செஞ்சு குடுக்கறியா? மூத்தவ தங்கச்சிய மடியில வச்சுக்கிட்டு விடவே மாட்டேங்கறான்னு எழுதியிருந்தியே, அதப் படிச்சுட்டு எனக்குக் கண்ணு கலங்கிடுச்சு. எனக்கு ஒரு கண்ணுல ஆபரேஷன் நல்லபடியா முடிஞ்சுது, இப்ப பொடி எழுத்துகூட கண்ணாடி இல்லாம தெரியுது, அதனாலதான் உன் உருளி விளிம்புல இருந்தத படிக்க முடிஞ்சுது.

நீ என்ன கேட்டிருந்த? "எங்க பூட்டி சீதனமா கொண்டு வந்த உருளி, இதுல நபபினனைன்னு வெட்டியிருக்கு, இது பேரா இல்ல பாத்திரக்கடை மார்க்கா"ன்னு. பேருதாண்டி. அந்தக் காலத்துல பாத்திரத்துல பேரு வெட்டறவங்க நிறைய பேரு புள்ளி வைக்க மாட்டாங்க, ஓலைச்சுவடியிலயும் அப்படித்தான், புள்ளி குத்துனா ஓலை பொத்துப்போயிடும்னு விட்டுடுவாங்க, படிக்கறவங்கதான் எடம் பாத்துப் புள்ளி வச்சுக்கணும். ரெண்டாவது எழுத்துக்கும் நாலாவது எழுத்துக்கும் நீ ஒரு புள்ளி வச்சுப் படிச்சுப் பாரு. நப்பின்னை.

நீ ஸ்ரீவில்லிபுத்தூர்லயே இருக்க. ஒவ்வொரு மார்கழியும் விடியக்காலைல மைக்ல திருப்பாவை கேட்டுக்கிட்டேதான் வாசல் தெளிச்சு கோலம் போடற. பதினெட்டாம் நாள், பத்தொம்பதாம் நாள், இருபதாம் நாள், மூணு நாள் வரிசையா உன் பூட்டி பேரு உன் தெருவுல ஒலிக்குது. முப்பது பாட்டுல மூணு பாட்டு ஆண்டாள் இந்தப் பொண்ணுக்கு ஒதுக்கியிருக்கா. "நந்தகோபாலன் மருமகளே நப்பின்னாய், கந்தம் கமழும் குழலீ கடை திறவாய்"னு வருமே, பாடகர் அரியக்குடி சாவேரி ராகத்துல மெட்டு போட்ட பாட்டு, அதுதான். அந்த எடத்துல கதைய யோசிச்சுப் பாரு, பொண்ணுங்க எல்லாம் விடியறதுக்கு முன்னாடியே கிளம்பி வாசக்காப்பான எழுப்பி, நந்தகோபன எழுப்பி, யசோதைய எழுப்பி, பலராமன எழுப்பி எல்லாம் பாத்தாச்சு, ஆனா கண்ணன் எழுந்திருக்கல. அப்பத்தான் அவன் பொண்டாட்டி நப்பின்னையோட கதவத் தட்டறாங்க. கோழி கூவிடுச்சு, மாதவிப் பந்தல் மேல குயில் எத்தனையோ தடவ கூவிடுச்சு, உன் மைத்துனன் பேரப் பாட வந்திருக்கோம், செந்தாமரைக் கையால வளையல் ஒலிக்க வந்து கதவத் தெறன்னு. "பந்தார் விரலி"ங்கறா அவள, விரல்ல பந்து புடிச்சுக்கிட்டே தூங்கறவ. மைத்துனன்னு சொல்றதப் பாத்தியா, நம்ம ஊரு மொறை, மாமன் மகளுக்கு மொறை மாப்பிள்ளை. அடுத்த பாட்டுல குத்துவிளக்கு எரியற ரூம், யானைத் தந்தத்துல கால் வச்ச கட்டில், மெத்துன்னு மெத்தை, நீயும் எழுந்திருக்காம அவனையும் எழுந்திருக்க விடாம வச்சிருக்கியே, ஒரு நிமிஷம்கூடப் பிரிஞ்சு இருக்க முடியாதா, இது உனக்குத் தகுமான்னு சண்டை. மூணாவது பாட்டுல சண்டையெல்லாம் போயி, "உக்கமும் தட்டொளியும் தந்து" உன் புருஷனையும் எங்களோட அனுப்புன்னு கெஞ்சல். உக்கம்னா விசிறி, தட்டொளின்னா கண்ணாடி. ரெண்டு சொல்லும் நம்ம பேச்சுல இல்லாமப் போச்சு.

இந்த பதினெட்டாம் பாட்டப் பத்தி ராமானுஜர் கதை ஒண்ணு சொல்வாங்க, நான் அத எப்பவும் மறக்கறதில்ல. அவர் திருப்பாவை பாடிக்கிட்டே பிட்சைக்குப் போறவரு, திருப்பாவை ஜீயர்னே அவருக்குப் பேரு. ஒரு நாள் அவரோட ஆசாரியர் பெரிய நம்பி வீட்டு வாசல்ல நின்னு "சீரார் வளை ஒலிப்ப வந்து திறவாய்"னு பாடி முடிக்கவும், அந்த வீட்டுப் பொண்ணு அத்துழாய் வளையல் சத்தத்தோட வந்து கதவத் தெறக்கவும் சரியா இருந்துச்சாம். நப்பின்னையே வந்து தெறந்துட்டான்னு மயங்கி விழுந்துட்டாராம். பொண்ணு பயந்துபோயி உள்ள ஓடி அப்பாகிட்ட சொல்ல, அவரு பதட்டமே படாம, "உந்து மதகளிற்றன்"னு ஆரம்பிக்கற இந்தப் பாட்டப் பாடிக்கிட்டு வந்திருப்பாருன்னு சொன்னாராம். இந்தக் கதைய வேற ஆச்சாரியர் வீட்ல நடந்ததாவும் சொல்றவங்க உண்டு. எனக்கு யார் வீடுங்கறது பெரிசில்ல, ஒரு பேரு ஒரு மனுஷன அந்த அளவுக்கு ஆட்டி வச்சிருக்கு பாரு. அத்துழாயும் எவ்வளவு நல்ல பேரு, துழாய்னா துளசி, அதுவும் இப்ப காணாமப் போச்சு.

சரி, அர்த்தத்துக்கு வரேன். பின்னைன்னா பின்னால பொறந்தவ, இளையவ. முன்னை பின்னைன்னு சொல்றோமே அதே பின்னை. முன்னால இருக்கற "ந" இருக்கே, அது "நல்ல"ங்கறதோட சின்ன ரூபம், சிறப்பா ஒருத்தரச் சொல்றப்ப பேருக்கு முன்னால ஒட்டறது. நீ காலேஜ்ல தமிழ் பேப்பர் எனக்காகத்தான் படிச்சேன்னு சொல்வ, ஆனா இது உனக்கு ஞாபகம் இருக்கும், நக்கீரர்ல இருக்கற ந அதுதான், கீரர், ந-கீரர். முல்லைப்பாட்டு எழுதின நப்பூதனார், சிறுபாணாற்றுப்படை எழுதின நத்தத்தனார். பொண்ணுங்கள்ல பாரு, காக்கைபாடினியார் நச்செள்ளையார், மாறோக்கத்து நப்பசலையார், அப்புறம் எங்க ஊருக்காரி நக்கண்ணையார். பெருங்கோழின்னா உறையூர், பெருங்கோழி நாய்கன் மகள் நக்கண்ணையார்னுதான் அவ பேரு புறநானூறுல இருக்கு, 83, 84, 85 மூணு பாட்டும் அவளோடது, போரவைக் கோப்பெருநற்கிள்ளி மேல ஆசப்பட்டு கூச்சப்படாம வெளிப்படையா பாடினவ. நான் சாயங்காலம் காய்கறி வாங்கப் போற இதே ஊர்ல ரெண்டாயிரம் வருஷம் முன்னாடி அவ நடந்திருக்கா. ஒரு விஷயம், நச்சினார்க்கினியர இந்த வரிசையில சேத்துடாத, அது நச்சினவங்களுக்கு, அதாவது விரும்பினவங்களுக்கு இனியவர்னு பிரியும், அந்த ந வேற.

இந்த ந போட்ட பொண்ணுங்க பேருங்கள்லாம் சங்க காலத்தோட புத்தகத்துக்குள்ள போயிடுச்சு. யாரும் இன்னிக்கு நச்செள்ளைன்னு பேரு வைக்கறதில்ல. நப்பின்னை ஒருத்திதான் வருஷா வருஷம் வாய்விட்டுக் கூப்பிடற பேரா மிஞ்சியிருக்கா, அதுவும் மார்கழியில மட்டும். எனக்கு அதுதான் பெரிய ஆச்சரியமா இருக்கு.

சிலப்பதிகாரத்துல ஆய்ச்சியர் குரவை நெனவிருக்கா, மதுரைல கண்ணகிய அடைக்கலமா வச்சிருந்த மாதரி வீட்டுப் பக்கம், பால் உறையல, வெண்ணெய் உருகல, ஏதோ கெட்டது நடக்கப்போகுதுன்னு மாதரி பயந்துபோயி, கண்ணனும் பலராமனும் பின்னையோட ஆடின குரவைய நாம ஆடுவோம்னு ஏழு பொண்ணுங்கள நிறுத்தறா, ஒவ்வொருத்திக்கும் ஒரு சுரத்தோட பேரு. குரல்ங்கற சுரத்துக்கு மாயவன், அதாவது கண்ணன், இளிக்கு பலராமன், துத்தத்துக்கு பின்னை. அந்த ஏழு பேரும் தனக்குன்னு ஒரு காளைய வளர்க்கறவங்க, அத அடக்கறவனத்தான் கட்டிப்பாங்க. நப்பின்னை கதையும் அதேதான், ஏழு காளைய தழுவி அடக்கித்தான் கண்ணன் அவள கட்டினான். சமஸ்கிருத பாகவதத்துல கோசல ராஜா பொண்ணு சத்யாவுக்கு ஏழு காளை கதை வருது, ஆனா நம்ம கதைல அரண்மனை கெடையாது, மாட்டுத் தொழுவம்தான். கலித்தொகை முல்லைல ஒரு வரி உண்டு, "கொல்லேற்றுக் கோடஞ்சுவானை மறுமையும் புல்லாளே ஆய மகள்", கொல்ற காளையோட கொம்புக்குப் பயப்படறவன அடுத்த பொறப்புலகூட இந்த ஆயர்மகள் கட்டிப்புடிக்க மாட்டா. உங்க பூட்டி வீட்ல முப்பது மாடு இருந்துச்சு, மோர் கடையற சத்தத்துலதான் எல்லாரும் முழிப்பாங்கன்னு நீ ஹாஸ்டல்ல சொல்வியே, அந்த மாதிரி வீட்ல அந்தம்மாவுக்கு இந்தப் பேரு வச்சவங்க சும்மா வச்சிருக்க மாட்டாங்கன்னு எனக்குத் தோணுது.

அப்புறம் எப்படி மறைஞ்சுதுன்னு கேட்டா, சமஸ்கிருதத்துல எழுதினவங்க அவள நீளான்னு எழுதினாங்க, பராசர பட்டர் திருப்பாவைக்குப் பாடின தனியன், அதாவது பாட்டுக்கு முன்னால சொல்ற சுலோகம், நீளான்னுதான் ஆரம்பிக்குது, கோயில்ல ஸ்ரீதேவி பூதேவி நீளாதேவின்னு வந்துடுச்சு. கண்ணன் பக்கத்துல ராதை வந்து நின்னா, பஜனைல ராதா கல்யாணம்னு ஆச்சு. ராதா, நீலான்னு பேரு வைக்கறவங்க எத்தனையோ பேரு, நப்பின்னைன்னு வைக்கறவங்க எங்கயோ ஒண்ணு ரெண்டு. ராதை மேல எனக்குக் கோவம் இல்ல. ஆனா நம்ம ஊரு பொண்ணு ஒருத்திய நாமளே மறந்தது எனக்கு வலிக்குது.

இப்ப நான் இவ்வளவு நீளமா எழுதறதுக்குக் காரணமான விஷயம். நீ லெட்டர்ல கடைசில ஒரே ஒரு வரி எழுதியிருந்த, ஆஸ்பத்திரிக்கு வந்தவங்க "ரெண்டாவதும் பொண்ணா"ன்னு இழுத்துச் சொல்லிட்டுப் போனாங்கன்னு, மருமக அன்னிக்கு சாப்பிடலன்னு. எனக்கு அத தாண்டிப் போகவே முடியல. நான் வாத்தியார் வேலை பாத்த அத்தன வருஷமும் அட்டெண்டன்ஸ் எடுக்கறப்ப போதும்பொண்ணுன்னு ஒரு பேரு வரும், ஒவ்வொரு பேட்ச்லயும் இல்லாட்டியும் அடிக்கடி வரும். வேண்டாம்னே பேரு வச்ச பிள்ளைங்களும் உண்டு. பொண்ணு போதும், இனிமே வேண்டாம்னு சாமிக்குச் சொல்றதா நெனச்சு அந்தக் கொழந்த தலைல அத எழுதி வச்சிருப்பாங்க. நான் கூப்பிடுவேன், அது எழுந்து "உள்ளேன் டீச்சர்"னு சொல்லும். தெனமும் அந்தப் பேர என் வாயால கூப்பிட்டிருக்கேனேன்னு இப்பவும் மனசு கெடந்து அடிச்சுக்கும். அதே ரெண்டாவதா பொறந்த பொண்ணத்தான் ஒரு காலத்துல நம்ம ஆளுங்க பின்னைன்னு சொல்லி, அதோட நிறுத்தாம, முன்னால ஒரு "ந"வையும் வச்சு, நல்ல இளையவன்னு கூப்பிட்டிருக்காங்க. பெரியாழ்வார் கண்ணனுக்கு தலை வாரப் பாடறப்ப, காக்காவ வந்து குழல் வாரச் சொல்றப்ப, அவன "பின்னை மணாளனை"ன்னு அவளோட புருஷனாத்தான் அடையாளம் சொல்றாரு. அவ பேரால அவனுக்கு அடையாளம். துளசித் தோட்டத்துல கெடச்ச பொண்ண ஆசையா வளர்த்த அப்பாவோட பாட்டு அது, உங்க ஊரு அப்பா.

அதனால பேத்திக்கு இந்தப் பேரையே வைங்கடி. பேரு பழசா இருக்கு, ஸ்கூல்ல கூப்பிட கஷ்டமா இருக்கும்னு உன் பையன் சொல்லுவான். அவன்கிட்ட நான் சொன்னேன்னு சொல்லு, வீட்ல பின்னு, பின்னின்னு கூப்பிடலாம், அவ்வளவு அழகா சுருங்கற பேரு வேற எங்க கெடைக்கும்? அஞ்சே எழுத்து. நம்ம தமிழ் பிள்ளைங்க இதவிடக் கஷ்டமான பேரெல்லாம் சுளுவா சொல்லுதுங்க. மருமகளுக்கு மட்டும் அர்த்தத்த நீ பொறுமையா உட்கார வச்சு சொல்லு, போன்ல வேண்டாம், நேர்ல. பக்கத்துல மூத்தவளையும் வச்சுக்க, தங்கச்சிய எப்படிக் கூப்பிடணும்னு அவ முடிவு பண்ணட்டும்.

முப்பதாம் நாள் தொட்டில் போடறோம்னு எழுதியிருந்த, கணக்குப் போட்டா மார்கழி மொத வாரம் வருது. நான் முந்தின நாளே பஸ் ஏறிடறேன், டாக்டர் வெயில்ல போகாதேன்னுதான் சொல்லியிருக்காரு, ராத்திரி வண்டில வந்தா ஒண்ணும் ஆகாது. இங்க இருந்து என்ன வேணும்னு எழுது, பால்கோவா ஊருக்கு நான் என்னத்த இனிப்பு வாங்கிட்டு வரது, நல்ல கைத்தறி துணியா தொட்டிலுக்கு ரெண்டு எடுத்துட்டு வரேன். அன்னிக்கு அந்த உருளியிலயே சர்க்கரைப் பொங்கல் வைக்கணும். அதுக்கு முன்னாடி புளி போட்டுத் தேய்ப்பாங்க இல்ல, விளிம்புல அந்த எழுத்து இருக்கற எடத்துல மட்டும் நாரு படாம, கையால மெதுவா தேய்க்கச் சொல்லு.

உன் அன்பு
சிநேகிதி
உறையூர்