மியூசிடோராவுக்காக வந்த எல்லாருக்கும் நன்றி

போன சனிக்கிழமை பாரிஸ் லா சப்பல்ல கடைக்குப் பின்னாடி ரூம்ல, மியூசிடோரா நடிச்ச 'லெ வாம்பீர்'ங்கிற பழைய பிரெஞ்சுத் தொடர் படத்தோட 10 எபிசோடும் போட்டு முடிச்சாச்சு, கிட்டத்தட்ட 7 மணி நேரம், அதுவும் பேசாத படம், கடைசி வரைக்கும் 11 பேர் உக்காந்திருந்தீங்க, சத்தியமா நான் நாலு பேரைத்தான் எதிர்பார்த்தேன்.

முதல் நன்றி பெரியம்மாவுக்கு. நடுவுல வர்ற பிரெஞ்சு எழுத்தை எல்லாம் புதுச்சேரித் தமிழ்ல சத்தமா சொல்லிக்கிட்டே வந்து தொண்டையே கட்டிப் போச்சு. "பேய்ப் படம்னு கூட்டிட்டு வந்த, இவ திருடியால்ல இருக்கா"ன்னு திட்டுனீங்களே, ஆமா பெரியம்மா, வாம்பீர்ங்கிறது அதுல கொள்ளைக் கூட்டத்தோட பேரு. மூணாவது எபிசோட்ல போஸ்டர்ல 'இர்மா வெப்' (Irma Vep)ங்கிற அந்தத் திருடியோட பேர்ல இருக்குற எழுத்தெல்லாம் இடம் மாறி 'வாம்பீர்' (Vampire)னு ஆகுற எடத்துல விசிலடிச்ச தம்பிக்கும் ஒரு நன்றி, எனக்கும் அடிக்கணும்னுதான் இருந்துச்சு.

கடை அண்ணன் வாடகையே வாங்கல, டீயும் அவர் செலவு. 'யாருப்பா இந்தப் பொண்ணு'ன்னு அண்ணன் கேட்டப்ப சரியா சொல்ல முடியல, இப்ப சொல்றேன். மியூசிடோராவோட சொந்தப் பேரு ழான் ரோக், 1889ல பாரிஸ்ல பொறந்தவங்க. 1915, 16ல உலகப் போர் நடந்துட்டு இருக்கும்போதே லூயி ஃபெயாட் இந்தப் படத்தை எடுத்தாரு, உடம்போட ஒட்டுன அந்தக் கறுப்பு டிரஸ்லயே இவங்க ஊரைக் கலக்கிட்டாங்க. ஆனா வெறும் கறுப்பு டிரஸ் நடிகைன்னு சொன்னா எனக்குக் கோவம் வரும், 1920கள்ல ஸ்பெயின் போய் தானே டைரக்ட் பண்ணி நடிச்சிருக்காங்க, காளைச் சண்டைப் படம் கூட இருக்கு, அதைப் பத்தி யாரும் பேசறதே இல்ல.

கடைசில ஆன்றி லாங்லுவாவோட சினிமாதெக்ல, அதாவது பழைய படங்களைச் சேத்து வச்சுப் போட்டுக் காட்டுற இடத்துல, வேலை பாத்தாங்க, பழைய சினிமாக்காரங்க நினைவுகளைச் சேகரிச்சாங்க, டிக்கெட் கவுண்ட்டர்லயும் உக்காந்திருக்காங்க, உள்ள திரையில வர்றது இந்தம்மாதான்னு டிக்கெட் வாங்குன முக்கால்வாசிப் பேருக்குத் தெரியாது. 1957ல போயிட்டாங்க.

அப்புறம் வாசல்ல டோக்கன் கொடுத்த பாப்பா, உன்ன உள்ளயே விடல, ஸாரிடா. ஞாயித்துக்கிழமை வீட்டுக்கு வா, மூணாவது எபிசோட் உனக்கு மட்டும் போடுறேன்.