தெருத் திரைக்கும் பூட்டு வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

போன வாரம் கரோல் பாக் கடைத்தெருவில் ஒரு விளம்பரத் திரையில் விளம்பரம் நின்று, உள்ளே இருக்கும் கணினியின் முகப்பு தெரிந்தது. தொலைவிலிருந்து இயக்கும் மென்பொருளின் எண்ணும் கடவுச்சொல்லும் ஆளுயர எழுத்தில்! கூட வந்த பேத்தி அதை வாய்விட்டே படித்தாள். அரை மணி நேரம் யாரும் வந்து அணைக்கவில்லை.

2017 ஏப்ரலில் ராஜீவ் சௌக் மெட்ரோ நிலையத்திலும், பின்னர் கன்னாட் பிளேஸிலும் விளம்பரத் திரையில் ஆபாசப் படம் ஓடியதை தில்லிக்காரர்கள் மறந்திருக்க மாட்டோம். குழந்தைகள் நடக்கும் இடம் அது.

இந்தத் திரைகளுக்குப் பின்னால் இருப்பது இணையத்தோடு இணைந்த சின்னக் கணினிதான். வாங்கும்போது வந்த கடவுச்சொல்லை மாற்றாமல், யூஎஸ்பி துளையைத் திறந்தே விட்டு, ஒரே கணக்கைப் பத்துப் பேர் பகிர்ந்தால் யார் வேண்டுமானாலும் புகுந்துவிடலாம். ஒவ்வொரு ஊழியருக்கும் தனிக் கணக்கு, நுழையும்போது ஓடிபி, விபிஎன் என்ற பாதுகாப்பான தனி இணையப் பாதை வழியாக மட்டும் இணைப்பு, யார் எந்தப் படத்தை ஏற்றினார் என்ற பதிவு இவையெல்லாம் கட்டாயம் வேண்டும். அனுமதித்த விளம்பரம் தவிர வேறு எது வந்தாலும் திரை தானாகவே கறுப்பாகிவிட வேண்டும். தொலைவிலிருந்தே நிர்வகிக்கும் வசதி இருந்தால் அலுவலகத்தில் இருந்தபடியே ஒரு நொடியில் அணைக்கலாம். ஏணியோடு ஆள் வரக் காத்திருக்க வேண்டாம்.

சரி, நாங்கள் யாரிடம் சொல்வது? மாநகராட்சி உரிமம் தரும்போதே, ஒவ்வொரு திரைக்கும் கீழே அதன் எண்ணையும் புகார் தொலைபேசி எண்ணையும் எழுதச் சொல்ல வேண்டும்.

ஒரு வாசகி,
கரோல் பாக், புது தில்லி