வாத்துக் கூட்டத்தைக் கிளப்பிவிடும் காட்சிக்குப் பரிசு தராதீர்கள்: குறும்பட விழாக் குழுக்களுக்கு ஒரு திறந்த மடல்

வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் மாவட்டக் கல்லூரிகளில் குறும்பட விழா நடத்தும் குழுவினருக்கும், அந்த விழாக்களுக்காக ஏரிக்கரைகளில் கேமராவோடு நிற்கும் காட்சித் தொடர்பியல் மாணவர்களுக்கும் வணக்கம்.

விலங்குகள் பருவத்துக்கேற்ப இடம்பெயரும் வலசை பற்றி நம் பகுதியில் படமெடுக்க ஆர்வம் கூடிவருவதில் எங்களுக்கு மிகுந்த மகிழ்ச்சி. ஆனால் அந்தப் படங்களில் ஒரே காட்சி திரும்பத் திரும்ப வருகிறது. ட்ரோன் ஏரிக்கு மேல் போகிறது, கீழே மிதந்துகொண்டிருந்த வாத்துகள் மொத்தமாக எழும்புகின்றன, பின்னணி இசை உயர்கிறது, ‘ஆயிரக்கணக்கான மைல் பயணம்’ என்று குரல் சொல்கிறது. அந்தக் காட்சி எவ்வளவு அழகாக இருந்தாலும் அதற்கு மதிப்பெண் போடாதீர்கள் என்று கேட்கவே இதை எழுதுகிறோம். அது பறவைக்குத் தீங்கு. அதோடு, அதில் இருப்பது வலசையே இல்லை.

வாத்துகளும் உள்ளான்களும் கதிர்க்குருவிகளும் நெடும்பயணத்தின் பெரும்பகுதியை இரவில்தான் பறக்கின்றன. காற்று அடங்கியிருக்கும், உடல் சூடேறாது, பருந்து துரத்தாது. பகலில் நம் ஏரியில் கூட்டமாக எழும் வாத்துகள் பயந்து எழுகின்றன, அல்லது பக்கத்து நீர்நிலைக்கு இடம் மாறுகின்றன. பொழுது சாயும்போது வரிசையாகப் போகும் வாத்துகளைக் காட்டி ‘தாயகம் திரும்புகின்றன’ என்று சொல்வதும் தவறு. அவை பெரும்பாலும் இரவு மேய்ச்சலுக்கு நெல்வயலைத் தேடிப் போகின்றன.

நீலச்சிறகியை எடுத்துக்கொள்ளுங்கள். முந்நூறு, நானூறு கிராம் எடையுள்ள சிறு வாத்து. சைபீரியாவிலும் மத்திய ஆசியாவிலும் குஞ்சு பொரித்துவிட்டு, குளிர்காலத்துக்கு நம் ஏரிகளுக்கு வருகிறது. இரவெல்லாம் மேய்ந்துவிட்டு, பகலில் நடுத்தண்ணீரில் கூட்டமாக மிதந்தபடி தூங்கும். காலை ஒன்பது மணிக்கு நீங்கள் ட்ரோன் விட்டால் அதன் தூக்க நேரத்தில் விடுகிறீர்கள். பிப்ரவரி, மார்ச்சில் இது இன்னும் மோசம். திரும்பும் பயணத்துக்காக அவை உடலில் கொழுப்பைச் சேர்க்கும் மாதங்கள் அவை. வீணாக எழும் ஒவ்வொரு முறையும் அந்தச் சேமிப்பிலிருந்துதான் செலவு. சரிவாக நெருங்கும் ட்ரோனைவிடத் தலைக்கு நேர் மேலிருந்து இறங்கும் ட்ரோனுக்கே நீர்ப்பறவைகள் அதிகம் மிரள்கின்றன என்று 2015இல் பிரான்சில் செய்த ஆய்வு காட்டியது. நம் மாணவர்கள் விரும்பி எடுப்பது அந்த நேர்மேல் கோணத்தைத்தான்.

சட்டமும் இதைச் சும்மா விடவில்லை. 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வேட்டைக்குத் தரும் வரையறைக்குள்ளேயே விலங்கை விரட்டுவதும் வருகிறது. அரக்கோணத்தில் ஐ.என்.எஸ். ராஜாளி கடற்படை விமானத் தளம் இருப்பதால், அந்தப் பக்கத்து ஏரிகளில் ட்ரோனைக் கையில் எடுக்கும் முன்பே ட்ரோன்களுக்கான அரசின் டிஜிட்டல் ஸ்கை இணையதளத்தில் வான்வெளி வரைபடத்தைப் பார்த்தாக வேண்டும்.

வலசைப் படங்களில் பொய் நுழைவது புதிதல்ல. 1958இல் டிஸ்னி வெளியிட்ட ‘ஒயிட் வில்டர்னஸ்’ படத்தில் லெம்மிங் என்ற எலி வகை கூட்டம் கூட்டமாகப் பாறையிலிருந்து கடலில் குதித்துச் சாவதாகக் காட்டினார்கள். படம் ஆஸ்கர் விருதும் வாங்கியது. உண்மையில் எலிகளை வேறிடத்திலிருந்து விலைக்கு வாங்கிவந்து, கனடாவின் ஆல்பர்ட்டாவில் வைத்துத் தள்ளிவிட்டு எடுத்திருக்கிறார்கள் என்பதை 1980களில் கனடாவின் சி.பி.சி. தொலைக்காட்சி வெளிக்கொண்டு வந்தது. லெம்மிங் தற்கொலை செய்துகொள்ளும் என்று இன்றைக்கும் நம்புகிறவர்கள் இருக்கிறார்கள். ஒரு பொய்க் காட்சிக்கு அவ்வளவு ஆயுள்! 2001இல் பிரான்சின் ழாக் பெரன் பறவை வலசை பற்றி எடுத்த ‘விங்டு மைக்ரேஷன்’ வேறு வகை. கேமராவுக்குக் கை நீட்டும் தூரத்தில் பறக்கும் வாத்துகளில் பலவும் குஞ்சுப் பருவத்திலிருந்தே மனிதரோடு பழக்கி வளர்க்கப்பட்டவை. அது தெரியாமல் அந்த நெருக்கத்தைக் காட்டுப் பறவையிடம் எதிர்பார்க்கும் மாணவர்தான் ட்ரோனை இறக்குகிறார்.

சரி, எப்படித்தான் எடுப்பது? நிலம் கிழக்கே சரியும் நம் பகுதியில் பல ஏரிகளுக்குக் கரை கிழக்குப் பக்கம் அமைந்திருக்கும். காலையில் கரைமேல் நின்றால் சூரியன் முதுகுக்குப் பின்னால், வெளிச்சம் பறவைமேல். மாலையில் அதே இடத்தில் நின்றால் எல்லாம் கறுப்பு நிழலாகிவிடும். விடிவதற்கு அரைமணி நேரம் முன்பே போய் உட்கார்ந்துவிடுங்கள். பறவை வந்தபின் நீங்கள் போனால் நீங்கள் ஆபத்து. நீங்கள் இருக்கும் இடத்துக்குப் பறவை வந்தால் நீங்கள் ஒரு புதர். நான்கு மூங்கில் கழி, பழைய சாக்கு, லென்ஸ் நீட்ட ஒரு சாண் ஓட்டை இருந்தால் மறைப்பு தயார். வானம் பின்னணியில் விழாதபடி கரை உச்சிக்குக் கீழே, சரிவில் கட்டுங்கள். உச்சியில் நிற்கும் ஆளின் உருவம்தான் வாத்துக்கு முதலில் தெரியும்.

நீளமான லென்ஸ் வைத்திருப்பவர்களைக் கவிழ்ப்பது கானல். வேலூர் வெயிலில் ஜனவரியிலேயே எட்டரை, ஒன்பது மணிக்கு மேல் 600 மி.மீ. லென்ஸில் பறவையின் விளிம்பு நெளியத் தொடங்கிவிடும். ஃபோகஸ் போய்விட்டது என்று நினைத்து வளையத்தைத் திருப்பிக்கொண்டே இருப்பார்கள். எடிட்டிங்கில் அதைச் சரிசெய்ய வழியில்லை. கானல் தொடங்கும் முன்பே எடுத்து முடித்துவிடுங்கள். நொடிக்கு 25 ஃப்ரேம் என்றால் ஷட்டர் 1/50, மெதுவாக ஓட்ட 100 ஃப்ரேம் என்றால் 1/200. வெளிச்சம் கூடினால் ஷட்டரை ஏற்றாமல் லென்ஸுக்குள் போகும் ஒளியைக் குறைக்கும் என்.டி. ஃபில்டர் போடுங்கள், இல்லாவிட்டால் சிறகடிப்பு வெட்டிவெட்டித் தெரியும். கரையில் பைக் போனாலும் ட்ரைபாட் ஆடும். அதன் கால்களை விரித்துத் தாழ்வாக வைத்து, நடுவில் கல் கட்டிய பையைத் தொங்கவிடுங்கள்.

பறவையைப் படிக்கக் கற்றுக்கொள்ளுங்கள். தூங்கும் வாத்து அலகை முதுகுச் சிறகுக்குள் செருகியிருக்கும். கூட்டத்தின் ஓரத்தில் தூங்குவது வெளிப்பக்கத்துக் கண்ணைத் திறந்தே வைத்திருக்கும். மூளையின் பாதி தூங்க, மறுபாதி காவல் காக்கிறது. அந்த ஒற்றைக் கண்ணை முப்பது நொடி அசையாமல் எடுத்து வந்தால், எந்த ட்ரோன் காட்சியும் அதற்கு ஈடாகாது. கழுத்துகள் ஒவ்வொன்றாக நிமிர்ந்தால் முதல் எச்சரிக்கை. கூட்டம் முழுவதும் உங்களிடமிருந்து விலகி நீந்தத் தொடங்கினால் இரண்டாவது. அதற்குமேல் ஓரடிகூட வைக்காதீர்கள், உட்காருங்கள் அல்லது பின்வாங்குங்கள். மூன்றாவதாக அவை எழும், உங்கள் காலைப்பொழுதும் அதோடு முடிந்தது.

இன்னொரு குறை, வாங்கிச் சேர்த்த காட்சிகள். நடுவர்கள் இதை எளிதில் கண்டுபிடிக்கலாம். ஆண் நீலச்சிறகி நம்மிடம் வந்து சேரும்போது பெட்டையைப் போலவே மங்கலாக இருக்கும். கண்ணுக்கு மேலே ஓடும் அந்த வெள்ளைப் பட்டை தெளிவாக வருவதற்குப் பிப்ரவரி ஆகிவிடும். ‘நவம்பரில் வந்திறங்கியது’ என்ற வசனத்தின்மேல் பளிச்சென்ற வெண்பட்டை தெரிந்தால், அது அந்த மாதத்தில் எடுத்ததல்ல. ஒலியும் அப்படித்தான். ஆண் நீலச்சிறகியின் குரல் மரச்சீப்பின் பற்களை விரலால் வருடுவதுபோல் வறண்டு கரகரக்கும். அதன்மேல் நாட்டு வாத்தின் ‘குவாக்’கை ஒட்டினால் தெரிந்தவர்கள் அங்கேயே படத்தை விட்டுவிடுவார்கள்.

ஏரி மட்டும்தான் வலசைக்குக் களம் என்றில்லை. ஜவ்வாது மலையும் ஏலகிரியும் கிழக்குத் தொடர்ச்சி மலையைச் சேர்ந்தவை. கருநீல வரியன், வெண்புள்ளிக் கருப்பன் போன்ற வண்ணத்துப்பூச்சிகள் கோடை மழைக் காலத்தில் மேற்குத் தொடர்ச்சி மலையிலிருந்து கிழக்கு மலைகளுக்கு வருகின்றன, வடகிழக்குப் பருவமழையை ஒட்டி மேற்கே திரும்புகின்றன. இது பகலில், ஆள் உயரத்தில் நடக்கும் வலசை. சாதாரண கேமராவே போதும். கிலுகிலுப்பைச் செடியிலும் காய்ந்த தேள்கொடுக்குச் செடியிலும் ஆண் பூச்சிகள் மொய்த்து உறிஞ்சுவதைக் கிட்டப்போய் எடுக்கலாம். இனச்சேர்க்கைக்கும் தற்காப்புக்கும் வேண்டிய ஆல்கலாய்டு என்ற வேதிப்பொருள் அந்தச் செடிகளில் இருக்கிறது. பறப்பதை எடுக்கும்போது கேமராவை நகர்த்தாதீர்கள். இரண்டு மரங்களுக்கு நடுவே பத்து மீட்டர் அகல இடைவெளியை ஃப்ரேமில் வைத்து ஐந்து நிமிடம் ஓடவிடுங்கள், திசைகாட்டி பார்த்து ஃப்ரேமின் வலப்பக்கம் எந்தத் திசை என்று குறித்துக்கொள்ளுங்கள். குறிக்காவிட்டால் எடிட்டிங் மேசையில் மேற்கே போகும் பூச்சி கிழக்கே திரும்பிவிடும். எண்ணிக்கையும் திசையும் நாளும் உள்ள அந்த ஐந்து நிமிடம் ஆய்வாளருக்கும் பயன்படும்.

யானை விஷயத்தில் ஒரே சொல்: வேண்டாம். 1980களில் ஆந்திரத்தின் கௌண்டின்யா காட்டுக்கு வந்து நிலைத்த கூட்டங்கள் பேரணாம்பட்டு, குடியாத்தம் பக்கம் இறங்குவது எல்லோருக்கும் தெரியும். ட்ரோன் இரைச்சலுக்கு மிரண்ட யானை எந்த நிலத்துக்குள் புகும் என்று யாராலும் சொல்ல முடியாது. அங்கே பயிரும் போகும், ஆளும் போகலாம்.

விழாக் குழுவினரிடம் நாங்கள் கேட்பது ஒரு பக்கத் தாள். ஒவ்வொரு விலங்குக் காட்சிக்கும் எடுத்த நாள், நேரம், இடம், தோராயமான தூரம், லென்ஸ், ட்ரோன் பயன்படுத்தியதா, விலங்கு காட்டிலுள்ளதா வளர்ப்பா, காட்சி சொந்தமா வாங்கியதா, ஒலி அங்கேயே பதிந்ததா என்று எழுதித்தரச் சொல்லுங்கள். கூட்டம் எழும் காட்சி இருந்தால் அதற்கு முந்தைய ஒரு நிமிட மூலப்பதிவையும் கேளுங்கள். பருந்து வந்து எழுந்ததா, ஆள் போய் எழுந்ததா என்பது அந்த ஒரு நிமிடத்தில் தெரிந்துவிடும். சேற்றுப் பூனைப்பருந்து தாழப் பறந்து கிளப்பிய கூட்டம் என்றால் தாராளமாகப் பரிசு கொடுங்கள்.

கூடவே, ஓர் ஏரியை அக்டோபர் முதல் ஏப்ரல் வரை பின்தொடரும் படத்துக்குத் தனிப் பிரிவு வையுங்கள். மதகுக் கல்லில் ஒரு புள்ளி குறித்து, அதே உயரம், அதே லென்ஸ், அதே நேரத்தில் பதினைந்து நாளுக்கு ஒரு முறை இரண்டு நிமிடம் எடுத்தால் போதும். தண்ணீர் ஆழமாக இருக்கையில் வாத்துகள், வற்றிச் சேறு தெரிகையில் பொறி உள்ளான், கருவால் மூக்கன் போன்ற கரைப்பறவைகள், கடைசியில் வெறும் தரை என்று எல்லாம் அந்த ஒரே ஃப்ரேமுக்குள் வந்துபோகும். இந்தப் பிரிவை ஆகஸ்ட் மாதத்துக்குள் அறிவித்தால்தான் மாணவர்கள் முதல் மழைக்கு முன்பே புள்ளி குறித்து வைக்க முடியும். தாளின் மாதிரியை நாங்களே தயாரித்துத் தருகிறோம். மூலப்பதிவில் பறவையையும் மாதத்தையும் ஒப்பிட்டுப் பார்க்க நடுவர்களோடு உட்காரவும் தயார்.

இப்படிக்கு,
ஏரிகளில் பறவை கணக்கெடுப்போரும் படமெடுப்போருமான சிலர்,
வேலூர்.