அக்காவுக்கு, அந்த ஆரப்பாளையம் பஸ்ஸைப் பற்றி

அக்கா,

திருக்கல்யாணத்தன்று சித்திரை வீதியில் உன்னைப் பார்த்தேன். சுற்றிலும் எல்லாரும் தாலிக்கயிறு மாற்றிக்கொண்டிருக்க, யாரோ ஒரு அம்மா உன்னிடமும் மஞ்சள் கயிற்றை நீட்டினார். நீ "வேணாம்மா" என்று சிரித்துவிட்டு மோர் வாங்கப் போனாய். நான் கூட்டத்துக்குள் ஒதுங்கிவிட்டேன்.

ஆரப்பாளையத்தில் தேனி பஸ்ஸுக்குள் ஜன்னல் வழியே பையைப் போட்டு உனக்கு இடம் பிடித்தவள் நான்தான். அந்த வெயிலில் முழுக்கை ரவிக்கை போட்டிருந்தாய். ஏன் என்று எனக்குத் தெரியும். தெரிந்தும், "ஞாயித்துக்கிழமை என்னைப் பொண்ணு பார்க்க வர்றாங்கக்கா, அதுவரைக்கும் அங்க இருந்துட்டு வாயேன்" என்றேன். நீ பதில் பேசவில்லை. ஜன்னல் வழியே கையை விட்டு, என் தலையில் நழுவிக் கிடந்த மல்லிகைச் சரத்தைச் சரிசெய்தாய். கையை உன்னால் முழுசாக நீட்ட முடியவில்லை, நான்தான் எம்பினேன்.

அந்த வாரம் நடந்ததை இங்கே எழுதப் போவதில்லை. பாப்பா இப்போது போனில் எல்லாம் படிக்கிறாள், பெரியப்பா வீட்டு ஆட்களும் படிப்பார்கள், வழக்கு வேறு நடக்கிறது.

மன்னிப்புக் கேட்கத்தான் உட்கார்ந்தேன். ஆனால் எனக்கு அப்போது 23 வயசு, அப்பாவும் இல்லை, மூத்தவள் வாழாமல் வந்து உட்கார்ந்தால் இளையவளை யார் கட்டுவான் என்று வீடே பேசியது, நான் மட்டுமா உன்னை அனுப்பினேன்? என் கல்யாணத்தில் பட்டுப்புடவையில் சிரித்துக்கொண்டு நின்றாயே, அந்தச் சிரிப்பை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

புருஷன் வீடு யார் பேரில் இருந்தாலும் அதில் இருக்க உனக்கு உரிமை உண்டு என்று 2005-லேயே சட்டம் வந்துவிட்டது. பெண்கள் உதவி எண் 181-க்குப் போன் போட்டாலே வழி சொல்வார்கள். நம் வீட்டில் ஒருத்தருக்கும் தெரியவில்லை, நீயேதான் தேடிப் போனாய். முதல் விசாரணையிலிருந்து 60 நாளில் மனுவை முடிக்கப் பார்க்க வேண்டும் என்றும் அதே சட்டத்தில்தான் இருக்கிறது. உனக்கு மூன்று சித்திரை போய்விட்டது. வாய்தா வாய்தா என்று அலைந்ததற்கு நடுவில்தான் அந்தப் பழைய தையல் மெஷினை வாங்கிப் போட்டாய்.

போன வாரம் வேறொருத்தர் பேரில் மூன்று ரவிக்கைத் துணி கொடுத்தனுப்பினேன். அளவு ரவிக்கை வைக்கவில்லை. தைத்து வந்தது, கச்சிதம். கூலியில் ஒரு ரூபாய் குறைக்கவில்லை நீ. உள்ளே இரண்டு பக்கமும் பிரித்துவிடத் துணி விட்டிருக்கிறாய். நான் பெருத்துக்கொண்டு வருகிறேன் என்று உனக்கு யார் சொன்னது?