பொங்கல் விடுமுறைக்கு முன் பெற்றோருக்கு: பருவச் செய்திகளும் செஸ் விடுப்பும்

அன்புள்ள பெற்றோருக்கு,

வணக்கம். அரையாண்டுத் தேர்வு விடைத்தாள்கள் பிள்ளைகளிடம் கொடுக்கப்பட்டுவிட்டன. பார்த்துக் கையொப்பமிட்டு அனுப்புங்கள். மண்டல கோ-கோ போட்டியில் மாணவியர் அணி இரண்டாம் இடம் பெற்றது. பேச்சு, ஓவியம், அறிவியல் கண்காட்சி எல்லாவற்றிலும் பரிசுகள் வந்துள்ளன. கேரம் அறைக்குப் புதிய பலகைகள் வாங்கியிருக்கிறோம். புதுவண்ணாரப்பேட்டை காசிமா 2024-இல் அமெரிக்காவில் நடந்த உலக கேரம் போட்டியில் மூன்று தங்கம் வென்ற பிறகு அந்த அறையில் நிற்க இடமில்லை. மழையில் ஒழுகிய மாடி வகுப்பறையும் சரிசெய்யப்பட்டுவிட்டது. அனைவருக்கும் வாழ்த்துகள்.

இனி செஸ். 2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் சீனாவின் டிங் லிரனை 7.5–6.5 என்று வென்று, 18 வயதில் குகேஷ் உலக சாம்பியன் ஆனதிலிருந்து நம் பள்ளி செஸ் வகுப்பில் சேரும் கூட்டம் குறையவே இல்லை. அதில் எங்களுக்கு மகிழ்ச்சிதான். கூடவே, வெள்ளி, திங்கள் வருகைப் பதிவேட்டில் போட்டிகளுக்குப் போகும் சில பிள்ளைகளின் பெயர்களுக்கு நேரே தொடர்ந்து 'வரவில்லை' என்றே விழுகிறது. இந்தக் கடிதத்தின் பெரும்பகுதி அதைப் பற்றியதுதான்.

"குகேஷ் நான்காம் வகுப்போடு தினசரிப் பள்ளியை நிறுத்தினாரே?" என்று பெற்றோர் பலர் கேட்கிறார்கள். உண்மைதான். மருத்துவரான அவர் தந்தை தன் தொழிலை ஒதுக்கி வைத்துவிட்டு மகனோடு நாடு நாடாகப் போனார் என்பதும் உண்மை. ஆசியப் பள்ளிகள் போட்டியில் 9 வயதுக்குட்பட்டோர் பட்டத்தை வென்ற பிள்ளைக்காக எடுத்த முடிவு அது. 12 வயது 7 மாதம் 17 நாளில் அவர் செஸ்ஸின் மிக உயர்ந்த பட்டமான கிராண்ட்மாஸ்டர் ஆனார். மிக இளவயது கிராண்ட்மாஸ்டர் என்ற கர்யாகினின் அன்றைய உலகச் சாதனை 17 நாளில் தவறியது.

மற்ற வழிகளும் நம் ஊரிலேயே இருக்கின்றன. 1988-இல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆன ஆனந்த், எழும்பூர் டான் பாஸ்கோவில் படித்து, லயோலாவில் பி.காம். முடித்தவர். பாடியில் வளர்ந்த பிரக்ஞானந்தா 2022 மே மாதம் இணையவழி செஸ்ஸபிள் மாஸ்டர்ஸ் அரையிறுதியில் நெதர்லாந்தின் அனிஷ் கிரியை வீழ்த்தி எழுந்தபோது இரவு மணி இரண்டு. காலை 8.45-க்கு அவர் பள்ளியில் இருக்க வேண்டும், பதினோராம் வகுப்புத் தேர்வு! அவர் அக்கா வைஷாலியும் 2023-இல் கிராண்ட்மாஸ்டர் தகுதியை எட்ட, உலகின் முதல் அக்கா-தம்பி கிராண்ட்மாஸ்டர்கள் ஆனார்கள்.

பட்டத்துக்கான கணக்கையும் சொல்லிவிடுகிறேன். கிராண்ட்மாஸ்டர் ஆக, ஆட்டத்திறனை அளக்கும் புள்ளியான ரேட்டிங் 2500-ஐத் தொட வேண்டும். அதோடு, குறைந்தது 27 ஆட்டங்களை உள்ளடக்கிய நார்ம்கள், அதாவது தகுதியான போட்டிகளில் உயர்ந்த அளவில் ஆடியதற்கான அங்கீகாரங்கள், வேண்டும். வழக்கமாக 9 சுற்றுப் போட்டிகள் மூன்று. ஒவ்வொன்றிலும் 2600 அளவுக்கு ஆட வேண்டும். எதிராளிகளில் கிராண்ட்மாஸ்டர்களும் வெளிநாட்டவரும் போதுமான அளவு இருக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமைப் போட்டிகள் எத்தனை ஆடினாலும் நார்ம் கிடைக்காது. ரேட்டிங் பட்டியலோ 1400-இல்தான் தொடங்குகிறது. அங்கே நுழையவே, ரேட்டிங் உள்ளவர்களோடு ஐந்து ஆட்டங்கள் ஆடியிருக்க வேண்டும்.

ஆகவே, இன்னும் ரேட்டிங் பெறாத பிள்ளையை ஐந்து நாள் நடக்கும் கிளாசிக்கல் (நீண்ட நேர ஆட்ட) போட்டிக்கு அவசரமாக அனுப்ப வேண்டியதில்லை. 90 நிமிடமும் ஒவ்வொரு நகர்வுக்கு 30 வினாடியும் என்றால் ஓர் ஆட்டமே நான்கு மணி நேரம் போகலாம். நாளுக்கு இரண்டு சுற்று என்றால், எட்டு வயதுப் பிள்ளை மூன்றாம் நாள் பலகையைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்க்கும். அந்தச் சோர்வில் ஆடித் தோற்பதால் எதையும் கற்பதில்லை. முதல் ஓராண்டுக்கு ஒரே நாளில் முடியும் ரேபிட் (குறைந்த நேர ஆட்ட) போட்டிகள் போதும். அவை பெரும்பாலும் ஞாயிறன்றுதான் நடக்கின்றன, பள்ளிக்கு இடைஞ்சல் இல்லை. ஆடிய நகர்வுகளை எழுதிய ஸ்கோர் ஷீட் இருந்தால் திங்களன்று செஸ் ஆசிரியரிடம் காட்டச் சொல்லுங்கள். முடிவைவிட எந்த நகர்வில் ஆட்டம் திரும்பியது என்பதுதான் அவருக்கு வேண்டும்.

ரேட்டிங் இறங்கினால் பிள்ளையைத் திட்டாதீர்கள். 18 வயதுக்குட்பட்டு 2300-க்குக் கீழே இருப்பவர்களுக்கு கிளாசிக்கல் ஆட்டத்தில் ரேட்டிங் ஏற்ற இறக்கத்தைக் கணக்கிடும் பெருக்கெண் 40. சம ரேட்டிங் உள்ளவரிடம் தோற்றால் 20 புள்ளி போகும், வென்றால் 20 வரும். 200 குறைவானவரிடம் தோற்றால் 30 போய்விடும். ஒரு வாரத்தில் 80, 100 சரிவது இந்த வயதில் சாதாரணம். இழந்ததைப் பிடிக்க அடுத்த வாரமே இன்னொரு போட்டி என்று ஓடும்போதுதான் வெள்ளியும் திங்களும் பறிபோகின்றன.

இப்போது சற்றுக் கண்டிப்பாகச் சொல்ல வேண்டியது. 'கடும் காய்ச்சல்' என்று விடுப்புக் கடிதம் எங்கள் கோப்பில் இருக்கிறது. அதே நாளில் அதே பிள்ளை ஐந்தாவது சுற்றில் வெள்ளைக் காய்களோடு ஆடி டிரா செய்தது செஸ்-ரிசல்ட்ஸ் இணையதளத்தில் இருக்கிறது. சுற்று வாரியாக, பலகை எண்ணோடு. இப்படி வந்தவை ஒன்றிரண்டு அல்ல. அந்தக் கடிதத்தை வகுப்பாசிரியரிடம் கொண்டுவந்து கொடுப்பது பிள்ளைதான். இனி இப்படி நடந்தால் அந்த நாட்கள் வராத நாட்களாகவே பதியப்படும், அந்தக் கல்வியாண்டு முழுதும் அந்தப் பிள்ளைக்கு ஆன்-டியூட்டி (போட்டிக்குப் போன நாளை வருகையாகக் கணக்கிடும் அனுமதி) வழங்கப்படாது. இதில் பரிந்துரை கொண்டுவர வேண்டாம்.

உண்மையைச் சொல்லிக் கேட்டால் நாங்கள் மறுப்பது அரிது. போட்டிக்கு 7 நாள் முன்பாக, நாள், இடம், சுற்று நேரம் அடங்கிய அறிவிப்புத் தாளை இணைத்து வகுப்பாசிரியரிடம் கடிதம் கொடுங்கள். மாவட்ட, மாநில அணித் தேர்வுப் போட்டிகளுக்கும் பள்ளி விளையாட்டுப் போட்டிகளுக்கும் முழு ஆன்-டியூட்டி உண்டு. மற்றவற்றுக்கு ஒரு பருவத்தில் மூன்று வேலை நாட்கள் வரை தருவோம். பள்ளித் தேர்வு நாட்களில் அணித் தேர்வுப் போட்டிகள் தவிர வேறெதற்கும் அனுமதி இல்லை. விட்டுப்போன பாடத்தை முடிக்க வாரத்தில் இரண்டு மாலை 4.30 வரை ஆசிரியர்கள் இருப்பார்கள். அழைத்துப்போக நீங்கள் நேரத்துக்கு வந்துவிடுங்கள்.

போட்டி அரங்குக்குள் பிள்ளையிடம் கைப்பேசியோ ஸ்மார்ட் வாட்சோ இருக்கக் கூடாது. உலக செஸ் கூட்டமைப்பின் விதிப்படி அதற்காகவே ஆட்டத்தை இழக்க நேரிடும். 'அம்மாவுக்குப் போன் பண்ணத்தான்' என்றால் நடுவர் கேட்க மாட்டார்.

தண்டையார்பேட்டையிலிருந்தும் வியாசர்பாடியிலிருந்தும் பேருந்து மாறி நேரு விளையாட்டரங்கம் போய், அரங்குக்கு வெளியே படிக்கட்டில் டிபன் பாக்ஸோடு நாள் முழுதும் காத்திருக்கும் அம்மாக்களையும் பாட்டிகளையும் நாங்கள் அறிவோம். ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு வரும் அப்பாக்களையும் அறிவோம். பள்ளிக்குச் செஸ் கடிகாரங்கள் வாங்கித் தந்த பெற்றோருக்கும், சனிக்கிழமை வகுப்பில் காய்களை அடுக்கி உதவும் முன்னாள் மாணவர்களுக்கும் பள்ளியின் நன்றி. விடுப்புப் படிவம் பொங்கல் விடுமுறை முடிந்த மறுநாள் முதல் அலுவலகத்தில் கிடைக்கும்.

உங்கள் அனைவருக்கும் பொங்கல் வாழ்த்துகள்.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்