பத்திரிகைகளின் படப் பிரிவுப் பொறுப்பாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

வணக்கம்.

போர்க்களத்திலிருந்து வரும் படம் அச்சேறுமா, குப்பைக்குப் போகுமா என்பது உங்கள் மேசையில்தான் முடிவாகிறது. உயிரைப் பணயம் வைத்து எடுத்தவருக்குக்கூட அந்த அதிகாரம் இல்லை. அதனால்தான் உங்களுக்கு எழுதுகிறேன்.

1991 பிப்ரவரி 28. வளைகுடாப் போர் நின்ற நாள். தெற்கு ஈராக்கில் எரிந்து கிடந்த லாரியிலிருந்து முன்கண்ணாடி வழியாக வெளியேற முயன்ற கோலத்திலேயே ஒரு சிப்பாய் கரிக்கட்டையாகிவிட்டிருந்தார். கருகிய முகத்தில் பற்கள் தெரிகின்றன. கென்னத் ஜாரெக் எடுத்த அந்தப் படத்தை அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனத்தின் நியூயார்க் அலுவலகம் நிறுத்திவைத்தது. லண்டனில் ‘அப்சர்வர்’ பத்திரிகை துணிந்து வெளியிட்டது. அமெரிக்கர்களோ தொலைக்காட்சியில் இரவு வானத்துப் பச்சை ஒளியைப் பார்த்து, அதுதான் போர் என்று நம்பிக்கொண்டிருந்தார்கள். வாசகர் மனம் புண்படும் என்பீர்கள். அவர்கள் வரிப்பணத்தில் நடந்த போர் அது; புண்படட்டுமே!

அதற்காகக் கைக்குக் கிடைத்ததையெல்லாம் போடச் சொல்லவில்லை. 1972 ஜூன் 8 அன்று தென் வியட்நாமின் திராங் பாங்கில், நாபாம் என்ற எரிகுண்டின் தீயில் வெந்து ஆடையின்றி ஓடிவந்த சிறுமிக்கு வயது 9. நிர்வாணப் படம் கூடாது என்ற விதியை மீறி, சைகோனில் இருந்த அசோசியேட்டட் பிரஸ் படப் பிரிவுப் பொறுப்பாளர் ஹார்ஸ்ட் ஃபாஸ் அந்தப் படத்தை அனுப்பவைத்தார். சரியான முடிவு என்றே இன்றும் நினைக்கிறேன். ஆனால் அந்தப் படத்தை வெறுத்தபடியே வளர்ந்ததாக, அந்தச் சிறுமி கிம் புக் பிற்பாடு வெளிப்படையாகச் சொன்னார். அதையும் சேர்த்தே நாம் சுமக்க வேண்டும்.

முகத்தைக் காட்டாமலும் முடியும். 2023 அக்டோபரில் காசாவின் கான் யூனிஸ் மருத்துவமனையில் ராய்ட்டர்ஸ் செய்தி நிறுவனத்தின் முகம்மது சலேம் எடுத்த படத்தில், வெள்ளைத் துணியில் சுற்றிய குழந்தையின் உடலை ஒரு பெண் மடியில் அணைத்திருக்கிறார். இருவர் முகமும் தெரியவில்லை. பார்த்தவர் மறக்கவும் இல்லை.

ஊர் விபத்தில் இறந்தவரின் முகத்தை மங்கலாக்குகிறீர்கள். தூரதேசத்துப் பிணத்தை அப்படியே போடுகிறீர்கள். இந்த இரட்டை அளவுகோலைக் கைவிடுங்கள். முள்ளிவாய்க்கால் படங்களை ஒவ்வொரு மே மாதமும் மீண்டும் வெளியிட எடுக்கும்போது, அந்தக் குடும்பங்களும் உங்கள் வாசகர்கள்தான் என்பதை நினையுங்கள்.

படக்குறிப்பில் இடம், நாள், குண்டு போட்டது யார் என்று எழுதுங்கள். திராங் பாங்கில் குண்டு போட்டது தென் வியட்நாம் விமானம். அமெரிக்க விமானம் என்று எழுதுவோர் இன்றும் உண்டு. வெறுமனே ‘ராய்ட்டர்ஸ்’ என்று போடாமல் எடுத்தவர் பெயரையும் அச்சிடுங்கள். வெளிநாட்டுச் செய்தியாளர்கள் சுதந்திரமாக நுழைய முடியாத காசாவில், தம் சொந்த ஊர் இடிவதைப் படமெடுத்துச் சாகிறவர்கள் அந்தப் படக்காரர்கள்தான்.