மாடு வளர்த்த விமானியும் நம் வீட்டுத் திட்டும்

அன்புள்ள பெற்றோர்களுக்கு,

வணக்கம். அரையாண்டுத் தேர்வு மதிப்பெண் பட்டியலை இந்த வாரம் பிள்ளைகளிடம் கொடுத்து அனுப்புகிறோம். அதைப் பார்த்ததும் பல வீடுகளில் ஒரு திட்டு விழும்: “படிக்கலைன்னா மாடு மேய்க்கத்தான் போகணும்.” அந்தத் திட்டைப் பற்றித்தான் இந்தக் கடிதம். பள்ளி வாசலிலேயே இதைக் கேட்டிருக்கிறேன். எங்கள் ஆசிரியர்களும் சில சமயம் சொல்வதுண்டு, அவர்களிடமும் பேசிவிட்டேன்.

நம் பிள்ளைகள் பலருடைய வீட்டில் விடியற்காலையில் பால் கறந்து சொசைட்டிக்கு ஊற்றிவிட்டு வந்த பிறகுதான் மற்ற வேலை. அந்தப் பால் பணத்தில்தான் நோட்டும் செருப்பும் வாங்குகிறீர்கள். அதே வேலையைத் தண்டனை மாதிரிக் காட்டினால், அம்மா அப்பா செய்வது கேவலமான தொழில் என்றுதானே பிள்ளை எடுத்துக்கொள்ளும்?

இதை மனதில் வைத்துத்தான் எட்டாம், ஒன்பதாம் வகுப்புகளுக்கு நூலக வகுப்பில் ஓர் அமெரிக்கப் பெண் விமானியின் கதையைச் சொன்னேன். வீட்டுக்கு வந்து பாதிக் கதை சொல்லியிருப்பார்கள். மீதியையும் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

அவர் பெயர் புளோரன்ஸ் லோவ். 1901-ல் கலிபோர்னியாவின் பசடேனாவில் பெரிய பணக்கார வீட்டில் பிறந்தவர். தாத்தா தாடியஸ் லோவ், அமெரிக்க உள்நாட்டுப் போரில் வடக்குப் படைக்காகப் பலூனில் மேலே போய் எதிரியின் நடமாட்டத்தைப் பார்த்துச் சொன்னவர். பேத்தியை 1910-ல் ஒரு விமானக் கண்காட்சிக்கு அழைத்துப் போனதும் அவர்தான். ஆனால் வீட்டார் போட்ட கணக்கு வேறு. பத்தொன்பது வயதில் ஒரு பாதிரியாருக்குக் கட்டிக்கொடுத்தார்கள், ஒரு மகனும் பிறந்தான். இனி இவள் வாழ்க்கை இவ்வளவுதான் என்று எல்லோரும் நினைத்திருப்பார்கள். இடையில் ஆண் வேடத்தில் கப்பலேறி மெக்சிகோவுக்குப் போய் வந்தார். அங்கே ஒட்டிக்கொண்ட பாஞ்சோ என்ற பெயர் கடைசி வரை நிலைத்துவிட்டது.

1928-ல் விமானம் ஓட்டக் கற்றார். ஆறு மணி நேரப் பயிற்சியிலேயே தனியாக ஓட்டிவிட்டார். மறு வருடம் சான்டா மோனிகாவிலிருந்து கிளீவ்லாந்து வரை பெண்களுக்கென்றே நடந்த முதல் பெரிய விமானப் பந்தயத்தில் கலந்துகொண்டார். டெக்சாசில் பேகோஸ் என்ற ஊரில் இறங்கும்போது ஓடுபாதையில் வந்துவிட்ட வாகனத்தில் மோதி விமானம் நொறுங்கியது, உயிர் தப்பினார். 1930-ல் மணிக்கு 196.19 மைல் வேகத்தில் பறந்து, புகழ்பெற்ற பெண் விமானி அமேலியா ஏர்ஹார்ட் வைத்திருந்த பெண்களுக்கான வேகச் சாதனையை முறியடித்தார். ஹாலிவுட் படங்களுக்குச் சாகச விமானியாகவும் வேலை செய்தார். அங்கே உயிரைப் பணயம் வைத்துப் பறப்பவர்களுக்கு ஒழுங்கான கூலி கிடைக்க வேண்டுமென்று சங்கம் அமைத்ததில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. எனக்கு அந்த வேகச் சாதனையைவிட இந்தச் சங்கம்தான் பெரிதாகத் தெரிகிறது.

அப்புறம் பொருளாதார மந்தம் வந்தது. அதற்கு முன்பே கையிருப்பைத் தாராளமாகச் செலவழித்திருந்தார். சொத்து கரைந்துபோனது. 1935-ல் மொஹாவி பாலைவனத்தில், முரோக் என்ற இடத்தில் 180 ஏக்கர் வாங்கிக் குடியேறினார். குதிரை மசால் என்ற தீவனப் பயிர் போட்டார், மாடு வளர்த்தார், பன்றி வளர்த்தார். பக்கத்திலேயே ராணுவ விமானத் தளம். அங்கே பாலும் இறைச்சியும் விற்றார், அந்தத் தளத்துச் சமையலறைக் கழிவை வாங்கி வந்து பன்றிகளுக்குப் போட்டார். இதைக் கேட்டதும் ஒன்பதாம் வகுப்பு மாணவி ஒருத்தி, “எங்க வீட்லயும் ஓட்டல்ல இருந்து கழுநீர் எடுத்துட்டு வருவோம் சார்” என்றாள். முன்பெல்லாம் அதை வகுப்பில் வாய்விட்டுச் சொல்லியிருக்க மாட்டாள்.

பண்ணைக்கு வந்ததும் அவர் பறப்பதை விட்டுவிடவில்லை. அங்கேயே ஓடுபாதை போட்டு விமானம் ஓட்டக் கற்றுக்கொடுத்தார். கிர்க் கெர்கோரியன் என்று ஓர் இளைஞர், ஆர்மீனியாவிலிருந்து வந்து குடியேறிய ஏழைக் குடும்பத்துப் பையன், கற்றுக்கொள்ள வந்தார். கட்டணம் கட்டப் பணமில்லை. சரி, மாடுகளைப் பார்த்துக்கொள், பால் கற, நான் ஓட்டக் கற்றுத் தருகிறேன் என்பது ஏற்பாடு. அந்தப் பையன் இரண்டாம் உலகப் போரில் கனடாவிலிருந்து அட்லாண்டிக் கடலைத் தாண்டி பிரிட்டனுக்குப் போர் விமானங்களை ஓட்டிச் சென்று ஒப்படைத்தார். பிற்பாடு சொந்தமாக விமான நிறுவனமே நடத்தினார். மாட்டைக் கவனித்த கூலியில்தான் அவர் விமானியானார். நம் திட்டு இந்த இடத்தில் என்ன ஆகிறது, யோசித்துப் பாருங்கள்.

பண்ணையில் குதிரை சவாரியும் விருந்தினர் விடுதியும் சேர்ந்து, தளத்துச் சோதனை விமானிகள் கூடும் இடமாயிற்று. ஒலியின் வேகத்தை முதலில் தாண்டிய சக் யேகர் அங்கேதான் குதிரையிலிருந்து விழுந்து விலா எலும்பை உடைத்துக்கொண்டார். அந்த வலியோடுதான் இரண்டு நாள் கழித்து, 1947 அக்டோபர் 14-ல், சாதனை செய்தார்.

பிறகு தளத்தை விரிவாக்க விமானப்படை பண்ணை நிலத்தைக் கேட்டது. நிலம் கையகப்படுத்தல் என்றால் என்ன என்று உங்களில் சிலருக்கு நான் சொல்லத் தேவையில்லை. கொடுத்த விலை நியாயமில்லை என்று அவர் வழக்குப் போட்டார், நீதிமன்றத்தில் தானே நின்று வாதாடினார். வழக்கு நடக்கும்போதே, 1953 நவம்பரில், பண்ணை தீயில் எரிந்துபோனது. நீதிமன்றம் இழப்பீடு கொடுக்கச் சொன்னது, ஆனால் பண்ணை திரும்பக் கிடைக்கவில்லை. 1975-ல் அவர் இறந்ததும், அஸ்தியை மகன் விமானத்தில் கொண்டுபோய் அந்த நிலத்தின் மேலேயே தூவினார்.

படிப்பு வேண்டாம் என்று நான் சொல்வதாக யாரும் எடுத்துக்கொள்ளாதீர்கள். மதிப்பெண் குறைந்திருந்தால் கேளுங்கள், எந்தப் பாடம் புரியவில்லை என்று உட்கார்ந்து பேசுங்கள், எங்களிடமும் வாருங்கள். அந்த ஒரு திட்டை மட்டும் விட்டுவிடுங்கள். பெண் பிள்ளைகளுக்கு இன்னொன்றும் உண்டு: பத்தாவது முடித்ததும் மாப்பிள்ளை பார்க்கலாம் என்று இப்போதே பேசுகிற வீடுகள் இருக்கின்றன. அந்தப் பேச்சைத் தயவுசெய்து நிறுத்துங்கள். பதினெட்டுக்கு முன் திருமணம் சட்டப்படி குற்றம். பதினெட்டு ஆனாலும், அவள் என்ன ஆக ஆசைப்படுகிறாள் என்று முதலில் அவளிடம் கேளுங்கள்.

வரும் பெற்றோர் ஆசிரியர் கூட்டத்துக்குப் பிறகு, மாடு, ஆடு வளர்க்கும் பெற்றோர் சிலர் ஒன்பதாம் வகுப்பில் வந்து பேச வேண்டுமென்று விரும்புகிறேன். மடிநோயை எப்படிக் கண்டுபிடிக்கிறீர்கள், சொசைட்டியில் கொழுப்பும் எஸ்.என்.எஃப்.-ம் (பாலில் கொழுப்பு தவிர்த்த மற்ற திடப்பொருள்) பார்த்து எப்படி விலை போடுகிறார்கள், சினை மாட்டுக்கு என்ன தீவனம் கொடுக்கிறீர்கள் என்று சொன்னால் போதும். பாலின் அடர்த்தியை அளக்கும் லாக்டோமீட்டரை அறிவியல் ஆசிரியர் எடுத்து வைப்பார், சதவீதக் கணக்கைக் கணக்கு ஆசிரியர் போட்டுக் காட்டுவார். மேடையில் பேசிப் பழக்கமில்லையே என்று தயங்க வேண்டாம், பிள்ளைகளோடு பெஞ்சில் உட்கார்ந்தே பேசலாம். வர முடியும் என்றால், மதிப்பெண் பட்டியலில் கையெழுத்துப் போடும்போது பின்பக்கம் ஒரு வரி எழுதி அனுப்புங்கள்.

அன்புடன்,
தலைமையாசிரியர்